ஃபேபிள் 2, ஃபேபிள் 3: வீடும் கடையும் வாங்கி வாடகையில் சம்பாதிப்பது எப்படி? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

லயன்ஹெட் ஸ்டுடியோஸ் எக்ஸ்பாக்ஸ் 360-க்காக உருவாக்கிய ஃபேபிள் 2 (2008), ஃபேபிள் 3 (2010) இரண்டிலும் ஆல்பியன் என்ற கற்பனை நாட்டில் ஏறக்குறைய எல்லா வீடுகளையும் கடைகளையும் விலைக்கு வாங்கலாம். வாங்கியவை தானாகவே காசு கொண்டுவரும். ஆனால் இரண்டு கேமிலும் இந்த ஏற்பாடு ஒரே மாதிரி இல்லை. 2-ல் வாங்கிப் போட்டுவிட்டு மறந்துவிடலாம். 3-ல் மறந்தால் வருமானம் நின்றுவிடும். கதையின் முடிவும் கெடும். ஃபேபிள் 2-ல் பழகியதை அப்படியே 3-ல் செய்து சிக்கிக்கொள்பவர்கள்தான் அதிகம்.

வாடகை எவ்வளவு நேரத்துக்கு ஒருமுறை வரும்?

இரண்டு கேமிலும் 5 நிமிடத்துக்கு ஒருமுறை. இது நம் கைக்கடிகாரத்தின் 5 நிமிடம். கேமுக்குள் பகல் முடிந்து இரவு வருவதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை. கட்டிலில் படுத்து ஒரு வாரத்தைத் தள்ளிவிட்டாலும் ஒரு காசு கூடுதலாக வராது. மணிக்கு 12 தவணை என்று மனதில் வைத்துக்கொள்ளுங்கள். கீழே உள்ள கணக்கெல்லாம் அதை வைத்துத்தான்.

கன்சோலை அணைத்துவிட்டாலும் காசு சேருமா?

ஃபேபிள் 2-ல் சேரும். இரவு அணைத்துவிட்டுக் காலையில் திறந்தால், இல்லாத நேரத்தில் சேர்ந்த காசு கையில் இருக்கும். அதனால் அந்த கேமில் ஒரு பழக்கம் நல்லது: அன்றைய ஆட்டத்தை முடிக்கும்முன் பையில் இருக்கும் காசு அத்தனைக்கும் ஏதாவது ஒரு சொத்து வாங்கிவிடுங்கள். பையில் தூங்கும் காசு வட்டி தராது.

ஃபேபிள் 3-ல் சேராது. கேம் ஓடிக்கொண்டிருக்கும்போது மட்டுமே தவணை விழும்.

கையில் காசே இல்லை. முதல் சொத்துக்கான பணத்தை எப்படிச் சேர்ப்பது?

வேலை பார்த்துத்தான். ஃபேபிள் 2-ல் வளர்ந்த பிறகு பவர்ஸ்டோன் சந்தைக்குப் போனதும் கொல்லர் பட்டறையில் வேலை கிடைக்கும். ஓடும் குறி பச்சைப் பகுதிக்கு வரும்போது பட்டனை அழுத்த வேண்டும், அவ்வளவுதான். விடாமல் சரியாக அடித்தால் கூலியின் பெருக்கல் எண் ஏறிக்கொண்டே போகும். ஒருமுறை தவறினால் மறுபடி அடியிலிருந்துதான். இதோடு வேலையில் 5 நட்சத்திரம் வரை பதவி உயர்வும் உண்டு. ஒவ்வொரு நட்சத்திரத்துக்கும் கூலி கூடும், பச்சைப் பகுதி சிறுக்கும், குறியும் வேகமாக ஓடும். மதுக்கடையில் ஊற்றிக்கொடுப்பது, விறகு வெட்டுவது ஆகிய வேலைகளும் உண்டு. ஆனால் மூன்றிலும் கொஞ்சம் கொஞ்சம் தொட்டுப் பார்ப்பதில் பயனில்லை. ஒன்றைப் பிடித்து 5 நட்சத்திரத்துக்குக் கொண்டுபோவதே வேகமான வழி.

ஃபேபிள் 3-ல் லூட் என்ற தந்தி வாத்தியம் வாசிப்பது, பை என்ற தின்பண்டம் செய்வது, கொல்லர் வேலை ஆகியவை இருக்கின்றன. அங்கே வேலையின் படிநிலை தானாக உயராது. புதிய திறன்களைத் தரும் ரோடு டு ரூல் என்ற பாதையில் உள்ள பெட்டிகளை, கில்டு சீல் என்ற புள்ளிகளைக் கொடுத்துத் திறந்துதான் அடுத்த நிலைக்குப் போக முடியும். லூட் ஒன்றை மட்டும் உயர்த்தினால் போதும். மூன்றுக்கும் சீல் செலவழித்தால் மற்ற பெட்டிகளுக்குச் சீல் மிஞ்சாது.

எதை முதலில் வாங்குவது?

விலையைப் பார்த்து வாங்காதீர்கள். போட்ட காசு எத்தனை தவணையில் திரும்பும் என்று பாருங்கள். விலையைத் தவணை வருமானத்தால் வகுத்தால் விடை வந்துவிடும். எண்களைச் சும்மா எடுத்துக்கொள்வோம். 6,000 காசு விலையுள்ள ஸ்டால் தவணைக்கு 150 தந்தால் 40 தவணையில், அதாவது 3 மணி 20 நிமிடத்தில் போட்டது திரும்பிவிடும். 30,000 விலையுள்ள வீடு 600 தந்தால் 50 தவணை. 4 மணி 10 நிமிடம். பெரிய வீடு பார்வைக்குக் கம்பீரமாக இருக்கும். ஆனால் அதே 30,000-க்கு 5 ஸ்டால் வாங்கினால் தவணைக்கு 750 வரும்.

இதைவிட முக்கியமானது காத்திருக்கும் நேரம். பெரிய சொத்துக்காக ஒரு மணி நேரம் காசு சேர்த்தால், அந்த ஒரு மணி நேரத்தின் 12 தவணையும் போனது போனதுதான். ஆரம்பத்தில் கைக்கு எட்டும் மிகச் சிறியதை உடனே வாங்கி, அதன் வருமானத்தில் அடுத்ததை வாங்கி, இப்படியே ஏறிப்போவதுதான் சரி. ஃபேபிள் 2-ல் பவர்ஸ்டோன் சந்தையின் ஸ்டால்கள் இதற்கு ஏற்ற இடம். முதல் இரண்டு மூன்று சொத்து கைக்கு வந்ததும் கொல்லர் வேலையை விட்டுவிட்டுக் கதையைத் தொடருங்கள். வாடகை பின்னாலேயே வரும்.

ஃபேபிள் 2-ல் ஒரே வீட்டின் விலை ஏறி இறங்குகிறதே, ஏன்?

ஒவ்வொரு ஊருக்கும் ஒரு பொருளாதார நிலை உண்டு. அந்த ஊர்க் கடைகளில் நீங்கள் செலவு செய்தால் அது உயரும். அங்கே திருட்டு, கொலை, பொருட்களை உடைப்பது என்று இறங்கினால் சரியும். நிலை உயர்ந்தால் சொத்து விலையும் உயரும், வாடகையும் உயரும். சரிந்தால் இரண்டும் சரியும்.

ஆகவே வரிசை முக்கியம். ஒரு ஊரில் முதலில் சொத்தை வாங்குங்கள், பிறகு அதே ஊரில் ஆயுதம், உடை, மருந்து எல்லாம் வாங்குங்கள். பலர் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள்: பெரிய வாளை வாங்கிச் சந்தையின் நிலையை ஏற்றிவிட்டு, அதே சந்தையில் ஏறிய விலைக்குக் கடை வாங்குகிறார்கள். கடை உங்களுடையது ஆனபின் அங்கே உங்களுக்குத் தள்ளுபடியும் கிடைக்கும் என்பதால் முதலில் கடை, பிறகு சரக்கு என்பது இரட்டை லாபம்.

ஊரைக் கெடுத்து விலையைக் குறைத்து வாங்கி, பிறகு செழிக்கவைத்து விற்பவர்களும் உண்டு. வேலை செய்யும் வழிதான். ஆனால் கெடுப்பதற்குச் செய்யும் குற்றங்களால் பெயர் கெடும், அபராதம் விழும், காவலர்கள் துரத்துவார்கள். வெறும் வருமானத்துக்காக இது தேவையே இல்லை.

கதையில் எடுக்கும் முடிவுகள் வாடகையைப் பாதிக்குமா?

ஃபேபிள் 2-ல் நன்றாகவே பாதிக்கும். மூன்று இடங்களைக் கவனியுங்கள்.

சிறுவயதுப் பகுதியில் காற்றில் பறந்துபோன 5 கைது ஆணைகளைத் தேடி எடுப்பீர்கள். அவற்றைக் காவலர் டெரெக்கிடம் கொடுத்தால், நீங்கள் வளர்ந்து திரும்பும்போது பவர்ஸ்டோன் ஓல்டு டவுன் ஒழுங்கான, செழிப்பான பகுதியாக இருக்கும். ஆர்ஃபர் என்ற ரவுடியிடம் கொடுத்தால் அது சேரியாகச் சீரழிந்து கிடக்கும். சேரியானால் வீடு மலிவு, வாடகையும் சொற்பம். நீண்ட நாள் வருமானத்துக்கு டெரெக்தான்.

வெஸ்ட்கிளிஃபில் பார்னம் என்பவர் ஊரை மேம்படுத்த 5,000 காசு முதலீடு கேட்பார். கதையில் ஸ்பையர் என்ற கோபுரத்துக்குப் போகும்முன் கொடுத்துவிடுங்கள். ஹீரோ ஸ்பையரில் 10 ஆண்டுகளைக் கழித்துவிட்டுத் திரும்பும்போது, கொள்ளையர் கூடாரம் போலக் கிடந்த இடம் ஊராகி நிற்கும். கொடுக்காவிட்டால் அப்படியேதான் இருக்கும்.

ஓக்ஃபீல்டு விவசாய ஊர். நிழல் கோயில் என்ற தீய கூட்டத்தின் பக்கம் சேர்ந்து ஓக்ஃபீல்டை அழிக்கும் வேலையை ஏற்றால் வயல்கள் பாழாகி ஊர் நொடித்துவிடும். அங்கே சொத்து வைத்திருப்பவர்கள் அந்தப் பக்கமே போக வேண்டாம்.

இரண்டு கேமிலும் ஆட்டம் தானாகவே சேவ் ஆகி முந்தையதன் மேலேயே எழுதிவிடும். முடிவெடுத்த பிறகு பழைய சேவுக்குத் திரும்பிப் போகலாம் என்று நினைக்க வேண்டாம்.

வாடகையை உயர்த்தினால் என்ன ஆகும்?

காசு கூடும், பெயர் கெடும். ஃபேபிள் 2-ல் வாடகையோ கடை விலையோ உயர்த்தினால் தூய்மைப் புள்ளி குறைந்து ஹீரோவின் முகமே மாறத் தொடங்கும். குறைத்தால் தூய்மை கூடும். முகம் கெடக்கூடாது, காசும் வேண்டும் என்பவர்களுக்கு ஒரு வழி உண்டு. டோஃபுவும் செலரியும் தூய்மையைக் கூட்டும் உணவுகள். அவற்றை மூட்டையாக வாங்கித் தின்றால் வாடகையால் போனதை ஈடுகட்டலாம். ஃபேபிள் 3-லும் வாடகையைக் கூட்டுவது கெட்டவர் பக்கமும், குறைப்பது நல்லவர் பக்கமும் சாய்க்கும்.

சொத்து பத்துக்கு மேல் போனபிறகு வாடகையைக் கூட்ட வேண்டிய அவசியமே இருக்காது. இயல்பான விகிதமே தாராளமாக வரும்.

வீட்டில் நல்ல சாமான் போட்டால் வாடகை கூடுமா?

கூடும், இரண்டிலும். பழைய கட்டில், மேசை, அலமாரியை எடுத்துவிட்டுத் தரமானவற்றைப் போட்டால் வீட்டின் மதிப்பும் வாடகையும் ஏறும். ஆனால் சாமானுக்கான செலவையும் அதே தவணைக் கணக்கில் போட்டுப் பாருங்கள். தவணைக்கு 20 காசு கூடுவதற்கு 2,000 செலவழித்தால் 100 தவணை ஆகும். அதைவிட இன்னொரு ஸ்டால் மேல். வாங்குவதற்குச் சொத்து எதுவும் மிச்சமில்லாத கட்டத்தில் சாமான் பக்கம் வாருங்கள்.

ஃபேபிள் 3-ல் கையில் காசு இருந்தும் வாங்க முடியவில்லையே?

உரிமம் வாங்கவில்லை. ரோடு டு ரூல் பாதையில் லேண்டுலார்டு பேக் என்ற பெட்டி வீடுகளுக்கு, ஆன்ட்ரப்ரனர் பேக் என்ற பெட்டி கடைகளுக்கு. இரண்டும் தனித்தனி, ஒன்றைத் திறந்தால் மற்றது வராது. சண்டை, க்வெஸ்ட் எனப்படும் பணிகள், ஊர் மக்களோடு பழகுவது என எல்லாவற்றிலும் கில்டு சீல் கிடைக்கும். கண்ணில் பட்டதும் முதலில் இந்த இரண்டு பெட்டிகளையும் திறங்கள். உடைக்குச் சாயம் பூசும் பெட்டிகள் காத்திருக்கலாம்.

ஃபேபிள் 3-ல் வீடுகளிலிருந்து வாடகை வருவது நின்றுவிட்டது. ஏன்?

ரிப்பேர் பார்க்கவில்லை. இந்த ஒரு கேள்விதான் மற்ற எல்லாவற்றையும்விட அதிகம் கேட்கப்படுகிறது. ஃபேபிள் 3-ல் குடிவைத்த ஒவ்வொரு வீட்டுக்கும் நிலை என்று ஓர் அளவு இருக்கிறது. நாள் போகப் போக அது தேயும். முழுக்கத் தேய்ந்துவிட்டால் குடியிருப்பவர்கள் வாடகை கொடுக்க மாட்டார்கள். பட்டியலில் வீடு உங்கள் பெயரிலேயே இருக்கும், காசு மட்டும் வராது. ஃபேபிள் 2-ல் இப்படி எதுவும் கிடையாது என்பதால் அதிலிருந்து வருபவர்களுக்கு இது தோன்றுவதே இல்லை.

சரிசெய்யும் முறை: ஸ்டார்ட் அழுத்தி, இந்த கேமில் மெனுவுக்குப் பதிலாக உள்ள சாங்க்சுவரி என்ற அறைக்குப் போங்கள். நடுவில் உள்ள மேப் மேசையில் ஊரைத் தேர்ந்தெடுத்து உள்ளே இறங்குங்கள். குறியை உங்கள் வீட்டின் மேல் வைத்தால் நிலை தெரியும். ரிப்பேரைக் கொடுத்தால் காசு கழிந்து நிலை நிரம்பிவிடும். வீடு வீடாகத்தான் செய்ய வேண்டும். 30 வீடு வைத்திருப்பவர் 30 முறை அழுத்த வேண்டும், இதில் சலிப்பு வருவது நியாயமே.

அதனால் ஒரு சுற்று வைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு க்வெஸ்ட்டும் முடிந்ததும் ஒரே ஊரை எடுத்து அதை மட்டும் முடியுங்கள். அடுத்த க்வெஸ்ட்டுக்கு அடுத்த ஊர். எல்லாம் தேயும்வரை விட்டால் ஒரே நாளில் பெரிய தொகை ரிப்பேருக்குப் போகும், இடையில் நின்ற தவணைகளும் திரும்பாது.

அப்படியானால் ஃபேபிள் 3-ல் வீடு நல்லதா, கடை நல்லதா?

கடை. கடைகளுக்கு ரிப்பேர் கிடையாது. வீட்டு வாடகையிலிருந்து ரிப்பேரைக் கழித்துவிட்டுத்தான் ஒப்பிட வேண்டும். உதாரணத்துக்கு, தவணைக்கு 200 தரும் வீட்டுக்கு 20 தவணைக்கு ஒருமுறை 500 காசு ரிப்பேர் ஆனால், 4,000-ல் 3,500-தான் மிச்சம், தவணைக்கு 175. அதே விலைக்கு 180 தரும் கடை கிடைத்தால் அதுவே மேல், உங்கள் நேரமும் மிச்சம்.

இருந்தாலும் கடைகளின் எண்ணிக்கை குறைவு. எல்லாக் கடையும் வாங்கியபின் வீடுகளுக்கு வரத்தான் வேண்டும். அப்போது சிறிய வீடுகள் பத்தைவிடப் பெரிய வீடுகள் இரண்டை எடுங்கள். வருமானம் கிட்டத்தட்ட ஒன்றாக இருந்தால், மேப் மேசையில் அழுத்தும் எண்ணிக்கை குறைவதே லாபம். ஆரம்பத்தில் சிறியது, கடைசியில் பெரியது.

65 லட்சம் காசு வேண்டும் என்கிறார்களே, எதற்கு?

ஃபேபிள் 3-ல் அரியணை ஏறியபின், ஆல்பியனைத் தாக்க இருள் என்ற தீய சக்தி வருகிறது என்று தெரியவரும். நாட்டின் மக்கள் தொகை 65 லட்சம். கஜானாவில் இருக்கும் ஒவ்வொரு காசுக்கும் ஓர் உயிர் என்ற கணக்கில் மக்கள் பிழைப்பார்கள். அரசராக எடுக்கும் நல்ல முடிவுகள் பெரும்பாலும் கஜானாவைக் கரைக்கும். அநாதை இல்லத்தைப் புதுப்பித்தால் செலவு, அதையே விபச்சார விடுதியாக்கினால் வரவு. பவர் ஏரியைக் காத்தால் ஒன்றுமில்லை, சுரங்கமாக்கினால் காசு. அரசராகும்முன் கொடுத்த வாக்குறுதிகளையும் காப்பாற்றி மக்களையும் காப்பாற்ற ஒரே வழி உங்கள் சொந்த வாடகைப் பணம்.

கணக்கு இதுதான். தவணைக்கு 30,000 வந்தால் மணிக்கு 3,60,000. 65 லட்சத்துக்கு சுமார் 18 மணி நேரம். தவணைக்கு 50,000 என்றால் மணிக்கு 6 லட்சம். 11 மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். நல்ல முடிவுகளுக்கு ஆகும் செலவையும் இதன்மேல் கூட்டிக்கொள்ளுங்கள். அரியணை ஏறும்முன்பே சொத்து வாங்கும் வேலை முடிந்திருக்க வேண்டும் என்பது இதனால்தான்.

ஒன்றை மறக்காதீர்கள்: வாடகை உங்கள் பைக்கு வரும், கஜானாவுக்குத் தானாகப் போகாது. கோட்டையின் கருவூல அறைக்குப் போய்க் கணக்குப் புத்தகத்தில் நீங்களே மாற்ற வேண்டும். பையில் 70 லட்சம் வைத்துக்கொண்டு கஜானாவைக் காலியாக விட்டால் மக்கள் இறப்பார்கள்.

இன்னும் 121 நாள் இருக்கிறது என்று காட்டியது. திடீரென்று போர் வந்துவிட்டது. கேமில் பிழையா?

பிழை இல்லை, அப்படித்தான் அமைத்திருக்கிறார்கள். நாள் எண்ணிக்கை 365-ல் தொடங்கும். அது காலண்டர்போல ஒவ்வொன்றாகக் குறையாது. அரச வேலைகளை முடிக்கும்போது மட்டும் பெரிய தாவலாகத் தாவும். 121 நாள் என்று காட்டும் கட்டத்தின் வேலைகளை முடித்துவிட்டால், அடுத்து நேரே தாக்குதல் நாள்தான். 121 நாள் இருக்கிறதே, பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்தவர்கள் எல்லோரும் இங்கேதான் நாட்டை இழந்தார்கள்.

நல்ல செய்தி, அரச வேலையைத் தொடாதவரை நாள் நகராது. எத்தனை மணி நேரம் வேண்டுமானாலும் ஊர் சுற்றலாம், வாடகை சேர்க்கலாம். ஆகவே 121 என்று பார்த்ததும் நில்லுங்கள். கஜானாவில் 65 லட்சம் இருப்பதைப் புத்தகத்தில் உறுதி செய்தபின் அரியணைக்குப் போங்கள். இறுதிச் சண்டைக்குப் பின்னும் ஆட்டம் தொடரும் என்பதால் இது வருமானத்துக்கும் அவசியம். மக்கள் செத்துப்போன ஊரில் வாடகை கொடுக்க யாரும் இருக்க மாட்டார்கள்.

இரவு முழுவதும் ஃபேபிள் 3-ஐ ஓடவிட்டுத் தூங்கலாமா?

பலர் செய்வதுதான். எக்ஸ்பாக்ஸ் 360-ன் ஒயர்லெஸ் கன்ட்ரோலர் 15 நிமிடம் தொடாமல் இருந்தால் அணைந்துவிடும். உடனே கேம் நின்று, தவணையும் நின்றுவிடும். அதற்காக ஹீரோவைச் சண்டை வராத ஊருக்குள் நிறுத்தி, இரண்டு அனலாக் ஸ்டிக்கையும் ஒரு ரப்பர் பேண்டால் இழுத்துக் கட்டிவிடுவார்கள். ஹீரோ வட்டமடித்துக்கொண்டே இருப்பார். கன்சோலின் தானியங்கி அணைப்பையும் ஆஃப் செய்ய வேண்டும். தூங்கும்முன் எல்லா வீட்டையும் ரிப்பேர் செய்யுங்கள், இல்லாவிட்டால் நள்ளிரவுக்கு மேல் கடைக்காசு மட்டும்தான் வரும்.

ஃபேபிள் 2-ல் கடிகாரத்தை முன்தள்ளிக் காசு எடுக்கலாமாமே?

எக்ஸ்பாக்ஸ் 360-ஐ இணையத்திலிருந்து துண்டித்து, அதன் தேதியை முன்னால் தள்ளினால் அத்தனை நாள் வாடகையும் ஒரேயடியாக வரும் என்பது உண்மை. ஆனால் முதல் மணியிலேயே இதைச் செய்தால் மீதி கேமில் காசுக்கு மதிப்பே இருக்காது. எந்தக் கடையை முதலில் வாங்குவது, வாளா வீடா என்ற யோசனைதான் இந்த கேமின் பாதிச் சுவை. கதையை ஒருமுறை முடித்தவர்கள், மிச்சமிருக்கும் கோட்டைக்காகச் செய்தால் குற்றமில்லை.

அந்தக் கோட்டை எவ்வளவு?

ஃபேர்ஃபேக்ஸ் கோட்டை, 10 லட்சம் காசு. முதன்மைக் கதை முடிந்தபின்தான் விற்பனைக்கு வரும். மொத்த சொத்து மதிப்பு 25 லட்சத்தைத் தாண்டினால் ரூலர் ஆஃப் ஆல்பியன் என்ற அச்சீவ்மென்ட் கிடைக்கும். கணக்கில் வருவது சொத்தின் மதிப்பு, கையிருப்பு அல்ல. ஆகவே காசைச் சேர்த்து வைத்துக் காத்திருப்பதில் அர்த்தமில்லை.

மனைவி அல்லது கணவர் குடியிருக்கும் வீட்டுக்கு வாடகை வருமா?

வராது. வீட்டுச் செலவுக்கு நீங்கள்தான் கொடுக்க வேண்டும். ஆகவே அதிக வாடகை தரும் வீட்டில் குடும்பத்தை வைக்காதீர்கள். வாடகை குறைவான ஒரு வீட்டைத் தேர்ந்தெடுத்து நல்ல சாமான் போட்டுக் கொடுங்கள்.

இவற்றை இப்போது எதில் ஆடலாம்?

ஃபேபிள் 2 கம்ப்யூட்டருக்கு வெளிவரவே இல்லை. ஃபேபிள் 3 2011-ல் கம்ப்யூட்டருக்கு வந்தது, பிறகு விற்பனையிலிருந்து எடுக்கப்பட்டுவிட்டது. எக்ஸ்பாக்ஸ் 360 பதிப்புகள் இரண்டும் எக்ஸ்பாக்ஸ் ஒன்னிலும் அதற்குப் பின் வந்த எக்ஸ்பாக்ஸ்களிலும் ஓடும். டிஸ்க் வைத்திருந்தால் அதைப் போட்டே இறக்கிக்கொள்ளலாம்.